புற்றுநோய் என்றால் பழக்கத்தை மட்டும் கேட்கிறார்கள். வேலையையும் காற்றையும் யார் கேட்பது?

கரையோரம் எழுதியது:

புற்றுநோய் விழிப்புணர்வுச் சுவரொட்டி எதை எடுத்தாலும் ஒரே பட்டியல்தான். புகைக்காதீர்கள், மது வேண்டாம், எடையைக் குறையுங்கள், காலாகாலத்தில் பரிசோதனை செய்துகொள்ளுங்கள். எதையும் நான் மறுக்கவில்லை, எல்லாம் உயிர் காக்கிற அறிவுரைதான். ஆனால் அத்தனையும் தனிமனிதரைப் பார்த்துச் சொல்லப்படுகிறது. ஆலை நடத்துபவருக்கும், அனுமதி கொடுக்கிற அதிகாரிக்கும், சட்டம் இயற்றுபவருக்கும் அதில் ஒரு வரிகூட இருப்பதில்லை.

செய்யும் வேலை புற்றுநோய் தரும் என்பது புதிய செய்தியா என்ன? புகைக்கூண்டு துடைப்பவர்களுக்கு விதைப்பையில் வரும் புற்றுநோய்க்குக் காரணம் உடலில் படிகிற கரிதான் என்று லண்டன் மருத்துவர் பெர்சிவல் பாட் 1775-ல் எழுதிவிட்டார். சிறுவர்களைப் புகைக்கூண்டுக்குள் ஏற்றுவதைப் பிரிட்டன் நிஜமாகவே நிறுத்திய சட்டம் 1875-ல்தான் வந்தது. நடுவில் நூறு ஆண்டுகள்.

ஆஸ்பெஸ்டாஸிலும் அதே கதை. அதன் தூசி நுரையீரலைக் கெடுக்கிறது என்று 1930-ல் பிரிட்டிஷ் அரசின் அறிக்கையே சொன்னது. 1955-ல், புகைக்கும் நுரையீரல் புற்றுநோய்க்கும் உள்ள தொடர்பை ஆராய்ந்து பெயர்பெற்ற பிரிட்டிஷ் நோய்ப்பரவலியலாளர் ரிச்சர்ட் டால் அதை நுரையீரல் புற்றுநோயோடு தொடர்புபடுத்திக் காட்டினார். 1960-ல் தென்னாப்பிரிக்காவில் வாக்னரும் அவருடைய சகாக்களும் நுரையீரல் உறையில் வரும் மீசோதீலியோமா என்கிற அரிய புற்றுநோய் 33 பேருக்கு வந்திருப்பதைப் பதிவு செய்தார்கள். அவர்களில் பலர் சுரங்கத்தில் வேலையே பார்க்காதவர்கள். பக்கத்தில் குடியிருந்தவர்கள், சிறுவயதில் அங்கே வளர்ந்தவர்கள். இவ்வளவு தெரிந்த பிறகும் பிரிட்டன் முழுத் தடை விதித்தது 1999-ல்.

தெரிய வந்த நாளுக்கும் தடுத்த நாளுக்கும் நடுவே இவ்வளவு காலம் ஏன்? அறிவியல் மெதுவாக நகர்வதாலா, இல்லை, யாரோ அதை மெதுவாக்குவதாலா? தெரிந்தவர்கள் எழுதுங்கள்.


அளவுகோல் எழுதியது:

நோய்ப் புள்ளிவிவரம் என் தொழில். அதனால் கறாராகப் பேசுவேன், தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

முதலில் அளவு. அமெரிக்க நாடாளுமன்றத்தின் தொழில்நுட்ப மதிப்பீட்டு அலுவலகம் கேட்டுக்கொண்டதன்பேரில் டாலும் ரிச்சர்ட் பீட்டோவும் 1981-ல் ஒரு கணக்குப் போட்டார்கள். புற்றுநோய் மரணங்களில் சுமார் 30 விழுக்காடு புகையிலையால், 35 விழுக்காடு உணவுமுறையால், 4 விழுக்காடு தொழிலால், 2 விழுக்காடு மாசுபாட்டால் என்றார்கள். பொதுச் சுகாதாரத் துறை புகையிலையைத் துரத்தியதற்குப் பின்னால் இந்தக் கணக்கு இருக்கிறது. அதனால் காப்பாற்றப்பட்ட உயிர்கள் ஏராளம். நாளைக்கு மக்கள் 'எல்லாம் ரசாயனத்தால்தான்' என்று நம்பிப் புகைப்பதை விடாமல் போனால் சாவு கூடும், குறையாது.

அடுத்தது, 'எங்கள் தெருவில் ஆறு பேருக்குப் புற்றுநோய், பக்கத்து ஆலைதான் காரணம்' என்கிற வகைப் புகார். அந்த வேதனை எனக்குப் புரிகிறது. ஆனால் புற்றுநோய் பரவலாக வரும் நோய், வயதோடு கூடும் நோய். தற்செயலாகவே சில இடங்களில் குவியும். அமெரிக்காவில் இருபது ஆண்டுகளில் நடந்த 428 குவியல் விசாரணைகளை 2012-ல் ஒரு குழு தொகுத்துப் பார்த்தது. தெளிவான காரணம் கிடைத்தது ஒன்றே ஒன்றில்.


கரையோரம் எழுதியது:

நன்றி அளவுகோல். உங்களைப் போன்றவர் வரவேண்டும் என்றுதான் எழுதினேன். ஆனால் அந்த 1981 கணக்கைப் பற்றிச் சொல்ல இரண்டு விஷயம் இருக்கிறது.

உணவுமுறை 35 விழுக்காடு என்கிறீர்கள். அதே அறிக்கையில் அதற்குக் கொடுத்த வீச்சு 10 முதல் 70 வரை. இவ்வளவு அகலமான மதிப்பீட்டின் நடுப்புள்ளியை மட்டும் எடுத்து நாற்பது ஆண்டுகளாகச் சுவரொட்டி அடிக்கிறார்கள்.

இன்னொன்று, டால் 2005-ல் இறந்த பிறகு வெளிவந்த கடிதங்கள். மான்சான்டோ என்ற ரசாயன நிறுவனம் அவருக்கு ஆலோசனைக் கட்டணமாக நாளுக்கு 1,500 டாலர் தர ஒப்புக்கொண்ட 1986-ம் ஆண்டுக் கடிதம் அதில் இருக்கிறது. பிவிசி பிளாஸ்டிக்கின் மூலப்பொருளான வினைல் குளோரைடு கல்லீரலைத் தவிர மற்ற உறுப்புகளில் புற்றுநோய் தருவதற்குப் போதிய சான்று இல்லை என்று அவர் 1988-ல் எழுதிய மதிப்பாய்வுக்குப் பணம் கொடுத்தது ரசாயன உற்பத்தியாளர் சங்கமும் இரண்டு பெரிய நிறுவனங்களும். புகையிலை விஷயத்தில் அந்த மனிதர் செய்தது மகத்தான பணி, ஒரு சொல்லும் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் படிக்கிறவர்களுக்கு அந்தப் பண விவரம் அன்றே தெரிந்திருக்க வேண்டாமா?


அளவுகோல் எழுதியது:

தெரிந்திருக்க வேண்டும். அதில் எனக்குத் தயக்கம் இல்லை. அன்றைய வழக்கம் அப்படி என்று சொல்பவர்கள் உண்டு. வழக்கம் என்பதால் அது நியாயமாகிவிடாது.

அந்த விழுக்காட்டுப் பட்டியலை எல்லோரும் ஒரு விதத்தில் தவறாகப் படிக்கிறார்கள். 30, 35, 4, 2 என்று எழுதியதும் ஒவ்வொரு மரணமும் ஒரே பெட்டிக்குள் போவது போலத் தோன்றிவிடுகிறது. உண்மையில் அப்படி இல்லை. ஆஸ்பெஸ்டாஸால் வெப்பக்காப்பு உறை போடும் தொழிலாளர்களைப் பற்றி ஹாமண்டும் செலிகாஃபும் 1979-ல் வெளியிட்ட ஆய்வைப் பாருங்கள். புகைக்காத, ஆஸ்பெஸ்டாஸ் படாத ஒருவருக்கு நுரையீரல் புற்றுநோயால் இறக்கும் வாய்ப்பு 1 என்று வைத்துக்கொண்டால், ஆஸ்பெஸ்டாஸ் மட்டும் பட்டவருக்கு அது சுமார் 5. புகைப்பவருக்கு சுமார் 11. இரண்டும் சேர்ந்தவருக்கு 50-ஐத் தாண்டியது. கூட்டினால் 16 வரவேண்டும், வந்ததோ பெருக்கல்.

இப்படி இறந்த ஒருவரை எந்தக் கணக்கில் எழுதுவது? புகைக்காமல் இருந்திருந்தால் பெரும்பாலும் தப்பித்திருப்பார். தூசி படாமல் இருந்திருந்தாலும் பெரும்பாலும் தப்பித்திருப்பார். இரண்டு பக்கமும் எழுதலாம். எல்லாவற்றையும் கூட்டினால் 100-ஐத் தாண்டிப் போகும், அதில் பிழை எதுவும் இல்லை. ஆகவே 'பழக்கமா, ரசாயனமா' என்று இரண்டில் ஒன்றைக் கேட்பதே சரியில்லை. நீதிமன்றங்களில் நிறுவன வழக்கறிஞர்கள் இதைத்தான் பயன்படுத்துகிறார்கள். இறந்தவர் புகைத்தார் என்று காட்டிவிட்டால் தூசி விடுதலையாகிவிடும் என்பது அவர்கள் வாதம்.

4 விழுக்காடு என்பதும் மொத்த மக்கள்தொகையில் பரவிக் கிடக்கும் 4 இல்லை. சில தொழில்களில் இருக்கும் சிலர்மீது மொத்தமாக இறங்கும் 4. வேலை சார்ந்த ஆஸ்பெஸ்டாஸ் பாதிப்பால் மட்டும் உலகில் ஆண்டுக்கு இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர் இறக்கிறார்கள் என்கிறது உலக சுகாதார நிறுவனம். அது சிறிய எண் இல்லை.


நேர்கோடு எழுதியது:

வேதியியல் படித்து ஆலை நிர்வாகத்தில் இருப்பவன் நான். இந்த விவாதம் ஒரு பக்கமாகச் சாய்கிறது போல் தெரிகிறது.

லியோனில் உள்ள பன்னாட்டுப் புற்றுநோய் ஆய்வு முகமை ஒரு பொருளை 'முதல் பிரிவு' என்று வகைப்படுத்தினால், அது மனிதருக்குப் புற்றுநோய் தரக்கூடியது என்பதற்குப் போதிய சான்று இருக்கிறது என்று பொருள். எந்த அளவில், எத்தனை பேருக்கு என்று அந்த வகைப்பாடு சொல்லாது. சூரிய ஒளியும் அதே பிரிவில்தான் இருக்கிறது. மக்களோ பட்டியலில் பெயர் வந்ததுமே பயப்படுகிறார்கள். களைக்கொல்லியான கிளைஃபோசேட்டை அந்த முகமை 2015-ல் 'பெரும்பாலும் புற்றுநோய் தரக்கூடியது' என்றது. அமெரிக்கச் சுற்றுச்சூழல் முகமையும் ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையமும் அப்படி இல்லை என்றன. இரண்டு தரப்பிலும் விஞ்ஞானிகள்தானே இருக்கிறார்கள்? கட்டுப்பாடு வேண்டும், மறுக்கவில்லை. ஆனால் ஒவ்வொரு பிபிஎம் (காற்றில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு) குறைப்புக்கும் செலவு உண்டு, அந்தச் செலவுக்குப் பின்னால் வேலைவாய்ப்பும் உண்டு.


இரவுப்பணி எழுதியது:

நேர்கோடு ஐயா, நீங்கள் சொல்வதைப் பலமுறை கேட்டிருக்கிறேன். கரைப்பான் ஆலையில் பாதுகாப்புப் பிரிவில் இருப்பவன் நான். ஷிப்ட் நேரத்தில் காற்றின் மாதிரி எடுப்பதும் என் வேலை.

செலவு பற்றிச் சொன்னீர்கள். வினைல் குளோரைடு என்ன ஆனது என்று பாருங்கள். அமெரிக்காவில் ஆலைக் காற்றில் அது 500 பிபிஎம் வரை இருக்க விட்டிருந்தார்கள். 1974 ஜனவரியில் கென்டக்கி மாநிலம் லூயிவில்லில் இருந்த குட்ரிச் ஆலையில், கல்லீரலின் ரத்தக்குழாயில் வரும் ஆஞ்சியோசார்கோமாவால் தொழிலாளர்கள் இறந்தது தெரியவந்தது. உலகம் முழுக்கத் தேடினாலும் விரல்விட்டு எண்ணுகிற அளவுக்கே வருகிற நோய், ஒரே ஆலையில் அடுத்தடுத்து வந்திருக்கிறது. இத்தாலியில் மல்டோனி என்ற ஆய்வாளர் எலிகளில் இதே நோயை ஏற்கனவே பார்த்திருந்தார். அந்த முடிவுகளைக் கமுக்கமாக வைத்துக்கொள்ள நிறுவனங்கள் தங்களுக்குள் 1972-லேயே ஒப்பந்தம் போட்டிருந்தன. அரசு அளவை 1 பிபிஎம்முக்குக் குறைக்கப் போனபோது தொழிலே அழிந்துவிடும், லட்சக்கணக்கானோர் வேலை இழப்பார்கள் என்றார்கள். 1975-ல் விதி அமலுக்கு வந்தது. ஆலைகள் கசிவை அடைத்தன, வெளியேறும் வாயுவைப் பிடித்துத் திரும்பப் பயன்படுத்தின, அந்த அளவுக்குள் வந்தும் விட்டன. பிவிசி உற்பத்தி அதன்பிறகு வளர்ந்ததே தவிர நிற்கவில்லை.

பட்டியலைப் பார்த்து மக்கள் பயப்படுகிறார்கள் என்கிறீர்கள். எந்த அளவில், எத்தனை பேருக்கு என்பதற்கு விடை வேண்டும் என்றால் யாராவது ஒழுங்காக அளந்திருக்க வேண்டும் இல்லையா? அளவு எப்படி எடுக்கிறார்கள் என்று சொல்கிறேன்.

சட்டையின் காலரில், மூக்குக்கு ஓரடி தள்ளி, கரித்தூள் அடைத்த ஒரு சின்னக் கண்ணாடிக் குழாயை மாட்ட வேண்டும். இடுப்பில் ஒரு பம்ப். ஷிப்ட் முழுக்க அது காற்றை இழுக்கும். அப்புறம் குழாயை மூடி ஆய்வகத்துக்கு அனுப்ப வேண்டும். முறை நல்ல முறைதான். ஆனால் மாதிரி எடுக்கும் நாள் முன்கூட்டியே எல்லோருக்கும் தெரியும். அன்றைக்கு டேங்க் திறக்கிற வேலை இருக்காது. பம்ப் சீல் மாற்றும் வேலையை மறுநாளுக்குத் தள்ளிவிடுவார்கள். வடிகட்டியைக் கழற்றிக் கழுவும் ஆள் ஒப்பந்தத் தொழிலாளி, அவர் காலரில் குழாயே மாட்டுவதில்லை. எட்டு மணி நேரச் சராசரி அழகாக வரும். அந்த நபர் வடிகட்டியைத் திறக்கும் பத்து நிமிடத்தில் எவ்வளவு உள்ளே போகிறது என்பது எந்தத் தாளிலும் இருக்காது.

ரத்தப் புற்றுநோய் தரும் பென்சீன் என்ற கரைப்பானுக்கு லேசான இனிப்பு வாடை உண்டு. 'வாடை வந்தால் விலகிவிடு' என்று புதியவர்களுக்குச் சொல்லிக் கொடுக்கிறார்கள். மூக்குக்குத் தெரிவதற்குள் பெரும்பாலும் அமெரிக்க வரம்பான 1 பிபிஎம்மைத் தாண்டியிருக்கும். விலகு என்று சொல்வது பயிற்சி இல்லை. மாற்றுப் பொருள் பயன்படுத்து, முடியாவிட்டால் மூடிய அமைப்பில் ஓட்டு, அதுவும் முடியாவிட்டால் உறிஞ்சி வெளியேற்று, கடைசியாகத்தான் முகமூடி. வரிசை அதுதான். நடப்பது தலைகீழாக, முதலில் முகமூடி.


நேர்கோடு எழுதியது:

மாதிரி எடுக்கும் நாள் பற்றிச் சொன்னதை மறுக்க மாட்டேன். திடீர்ச் சோதனை வேண்டும், ஒப்பந்தத் தொழிலாளிக்கும் குழாய் மாட்ட வேண்டும், அதற்கு எந்த நிர்வாகமும் பணமில்லை என்று சொல்ல முடியாது. ஆனால் கிளைஃபோசேட் கேள்விக்கு யாரும் பதில் சொல்லவில்லை.


அளவுகோல் எழுதியது:

சொல்கிறேன். லியோன் முகமை வெளியாகி எல்லோரும் பார்க்கக்கூடிய ஆய்வுகளை மட்டும் எடுத்துக்கொள்ளும். ஒழுங்குமுறை முகமைகள் நிறுவனங்களே செய்து சமர்ப்பித்த, வெளியிடப்படாத ஆய்வுகளையும் எடுத்துக்கொள்ளும். வெவ்வேறு ஆவணங்களை, வெவ்வேறு கேள்விகளோடு படித்தால் முடிவும் வேறாகலாம். இதுவரைக்கும் அறிவியல். அப்புறம் அரசியல் வருகிறது. 2018 பிப்ரவரியில் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபையின் அறிவியல் குழு அந்த முகமையின் நம்பகத்தன்மை பற்றியே விசாரணை வைத்தது. ஒரு முடிவு பிடிக்கவில்லை என்றால் எதிர் ஆய்வு வெளியிடலாம். முகமைக்குப் போகும் பணத்தை நிறுத்தலாமா என்று பேசுவது வேறு வகை. என் கணிப்பில் கிளைஃபோசேட் சான்று ஆஸ்பெஸ்டாஸ், பென்சீன் அளவுக்கு வலுவானது இல்லை. அதையும் இவற்றோடு ஒரே மூச்சில் பேசக்கூடாது.


கரையோரம் எழுதியது:

பென்சீனைத் தொட்டதால் சொல்கிறேன். எனக்கு இந்த ஒரு வழக்கு போதும்.

பென்சீனுக்கு முற்றிலும் பாதுகாப்பான அளவு பூஜ்யம்தான் என்று பொதுவாகக் கருதப்படுகிறது. இதை எழுதியது சுற்றுச்சூழல் இயக்கம் இல்லை, அமெரிக்கப் பெட்ரோலியக் கழகம். 1948-ல், தங்கள் உறுப்பினர்களுக்கான நச்சியல் குறிப்பில். முப்பது ஆண்டு கழித்து, அமெரிக்கப் பணியிடப் பாதுகாப்பு முகமை ரத்தப் புற்றுநோய்ச் சான்றுகளை வைத்து அளவை 10 பிபிஎம்மிலிருந்து 1 பிபிஎம்முக்குக் குறைத்தபோது, அதை எதிர்த்து நீதிமன்றம் போனதும் அதே கழகம்தான். 1980-ல் உச்ச நீதிமன்றம் அந்த விதியை ரத்து செய்தது. பழைய அளவில் குறிப்பிடத்தக்க ஆபத்து இருக்கிறது என்பதை முகமை முதலில் நிறுவ வேண்டும் என்றது தீர்ப்பு. அதே 1 பிபிஎம் மறுபடி வந்தது 1987-ல். நடுவில் வேலை செய்தவர்கள் 10 பிபிஎம் காற்றையே சட்டப்படி சுவாசித்தார்கள்.

நிரூபிக்கும் பாரம் யார் தலையில் என்பதுதான் மொத்தச் சண்டையும். அமெரிக்காவின் 1976 நச்சுப்பொருள் சட்டம் ஏற்கனவே சந்தையில் இருந்த சுமார் 62,000 ரசாயனங்களைச் சோதனை எதுவும் கேட்காமல் அப்படியே அனுமதித்தது. அந்தச் சட்டத்தின் கீழ் 1989-ல் ஆஸ்பெஸ்டாஸைத் தடை செய்தார்கள், 1991-ல் நீதிமன்றம் பெரும்பகுதியைத் தள்ளுபடி செய்தது. ஆஸ்பெஸ்டாஸையே தடுக்க முடியாத சட்டத்தை வைத்து வேறு எதைத் தடுப்பது? 2016-ல் சட்டத்தைத் திருத்தினார்கள், 2024-ல்தான் கிரிசோடைல் ஆஸ்பெஸ்டாஸுக்குத் தடை வந்தது. ஐரோப்பா 2007-ல் பாரத்தைத் திருப்பிப் போட்டது. பொருளைப் பற்றிய தரவைக் கொடு, கொடுத்தால்தான் சந்தை என்றார்கள். அது ஒன்றும் முழுமையான ஏற்பாடு இல்லை, ஆனால் திசை சரி.


சாயக்கை எழுதியது:

முதல்முறையாக இங்கே எழுதுகிறேன். என் அப்பாவுக்குச் சிறுநீர்ப்பைப் புற்றுநோய். சிறுநீரில் ரத்தம் வந்து பார்த்தபோது தெரிந்தது. வாழ்க்கையின் பெரும்பகுதி சாயத் தொழிற்சாலையில் கலவை போடும் வேலை. தூளை மூட்டையிலிருந்து கையால் அள்ளிப் போடுவார்கள், கை நிறம் வாரக்கணக்கில் போகாது. மருத்துவமனையில் சிகரெட் உண்டா என்று மூன்று பேர் தனித்தனியாகக் கேட்டார்கள். இளவயதில் புகைத்திருக்கிறார், உண்மைதான். என்ன வேலை பார்த்தீர்கள் என்று ஒருவரும் கேட்கவில்லை. அப்பா தன் மேலேயே பழியைப் போட்டுக்கொண்டு பேசாமல் இருக்கிறார். சாயத்துக்கும் இதற்கும் சம்பந்தம் உண்டா? இல்லை என்றால் இல்லை என்றே சொல்லுங்கள், ஆறுதலுக்காக எதுவும் சொல்ல வேண்டாம்.


பழைய ஏடு எழுதியது:

சம்பந்தம் உண்டு சகோதரி. தொழில்சார் புற்றுநோய்களில் அது மிகப் பழையது.

1895-ல் ஜெர்மன் அறுவைச் சிகிச்சை மருத்துவர் லுட்விக் ரேன், சாயத் தொழிலாளர்களுக்குச் சிறுநீர்ப்பைக் கட்டி வருவதை முதலில் சொன்னார். 1921-ல் பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு, சாயம் தயாரிக்கப் பயன்படும் அமைன் வகை ரசாயனங்களான பென்சிடினையும் பீட்டா நாஃப்தைலமைனையும் பெயர் சொல்லியே குற்றம் சாட்டியது. உடலுக்குள் போய்ப் பென்சிடினாக உடையும் சாயங்கள் எல்லாம் இன்றைக்கு முதல் பிரிவில் இருக்கின்றன.

வில்ஹெல்ம் ஹூப்பர் என்று ஒரு நோய்க்குறியியல் மருத்துவர். 1934-ல் டூபாண்ட் ரசாயன நிறுவனத்தின் ஆய்வகத்தில் சேர்ந்தார். பீட்டா நாஃப்தைலமைன் தயாராகும் கட்டடத்தைப் பார்க்க அழைத்துப் போனார்கள். தரை பளபளவென்று இருந்தது. இவ்வளவு சுத்தமா என்று அவர் மேற்பார்வையாளரிடம் கேட்க, 'நேற்று இரவு பார்த்திருக்க வேண்டும் டாக்டர், உங்களுக்காக ராத்திரி முழுக்கக் கழுவினோம்' என்கிற மாதிரி அவர் சொல்லிவிட்டார். உடனே பென்சிடின் கட்டடத்தையும் இப்போதே பார்க்க வேண்டும் என்று ஹூப்பர் பிடிவாதம் பிடித்தார். அங்கே முன்னறிவிப்பு போகவில்லை. சாலையில், சரக்கு ஏற்றும் மேடையில், ஜன்னல் விளிம்பில் எல்லாம் வெள்ளைத் தூள். பார்த்ததை மேலிடத்துக்கு எழுதினார். அதற்கப்புறம் அந்த ஆலைகளுக்குள் அவரை விடவில்லை. பீட்டா நாஃப்தைலமைன் நாய்களின் சிறுநீர்ப்பையில் புற்றுநோய் உண்டாக்குகிறது என்பதை அவருடைய சோதனைதான் காட்டியது. 1937-ல் வேலை போயிற்று. பத்தாண்டு கழித்து அமெரிக்கத் தேசியப் புற்றுநோய் நிறுவனத்தில் சுற்றுச்சூழல் புற்றுநோய்ப் பிரிவுக்குத் தலைவரானார்.

இரவுப்பணி எழுதிய 'முன்கூட்டியே தெரிந்த மாதிரி நாள்' இருக்கிறதே, அதைத்தான் ஹூப்பரும் பார்த்திருக்கிறார்.


வார்டு ஏழு எழுதியது:

சாயக்கை, புற்றுநோய்ப் பிரிவில் செவிலியாக இருக்கிறேன். உங்கள் அப்பாவிடம் தயவுசெய்து இதைச் சொல்லுங்கள். சிறுநீர்ப்பைப் புற்றுநோய்க்குப் புகையும் காரணம், சாயத்தின் அமைன்களும் காரணம். மேலே அளவுகோல் எழுதியது போல ஒன்று இருப்பதால் மற்றது இல்லாமல் போகாது. இளவயதில் புகைத்ததற்காக முழுப் பழியையும் அவர் சுமக்க வேண்டியதில்லை. அந்தத் தூளைக் கையால் அள்ளச் சொன்னவர்களுக்கு அதில் பெரும் பங்கு உண்டு.

எங்கள் சேர்க்கைப் படிவத்தில் புகையிலைக்கு நான்கு கட்டங்கள் இருக்கின்றன. வகை, எத்தனை ஆண்டு, நாளுக்கு எத்தனை, எப்போது விட்டார். மதுவுக்கு மூன்று. 'தொழில்' என்பதற்கு ஒரே ஒரு கோடு. வருகிறவர்கள் வயதானவர்கள், அதனால் அந்தக் கோட்டில் பெரும்பாலும் 'ஓய்வு' என்று எழுதிவிடுகிறார்கள். பெண்களாக இருந்தால் கேட்காமலேயே 'இல்லத்தரசி'. பேட்டரிப் பட்டறையிலும் தோல் பதனிடும் தொழிலிலும் பாதி வாழ்க்கையைக் கழித்தவர்கள்கூட அந்த ஒரு சொல்லோடு பதிவேட்டுக்குப் போகிறார்கள். படிவத்தில் இல்லாதது பதிவேட்டில் வராது, பதிவேட்டில் இல்லாதது ஆய்வில் வராது. அப்புறம் 'தொழில்சார் புற்றுநோய் இங்கே மிகக் குறைவு' என்று அறிக்கை வருகிறது. அதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வரும்.

இந்தப் புற்றுநோய்கள் இருபது, முப்பது ஆண்டு கழித்து வருபவை. மீசோதீலியோமா நாற்பது ஆண்டு கழித்தும் வரும். அதற்குள் ஆலை மூடியிருக்கும், பெயர் மாறியிருக்கும், ஆட்கள் சிதறியிருப்பார்கள். பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் 1974-ம் ஆண்டுத் தொழில்சார் புற்றுநோய் உடன்படிக்கை, வேலையை விட்டுப் போன பிறகும் மருத்துவப் பரிசோதனை தொடர வேண்டும் என்றே சொல்கிறது. அப்படித் தொடரப்பட்ட ஒரு நோயாளியைக்கூட நான் பார்த்ததில்லை.


சாயக்கை எழுதியது:

நன்றி அக்கா. அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு தன்னோடு கலவைப் பிரிவில் இருந்த இன்னும் இரண்டு பேருக்கு இதே நோய் வந்ததாகச் சொன்னார். இதுவரை வீட்டில் சொன்னதே இல்லை. இதைத் தற்செயல் என்று எடுத்துக்கொள்வதா?


அளவுகோல் எழுதியது:

இல்லை. நான் முதலில் சொன்னது தெருவில் கலந்து கிடக்கும் பல வகைப் புற்றுநோய்களைப் பற்றி. இங்கே ஒரே பிரிவில் வேலை செய்தவர்கள், ஒரே உறுப்பு, சந்தேகப்படும் பொருளுக்கு ஏற்கனவே வலுவான சான்று. இதை எழுத்தில் கொண்டுவர வேண்டும். 428 விசாரணைகளில் காரணம் தெளிவான அந்த ஒன்றுகூட இப்படித்தான். தென் கரோலினாவின் சார்ல்ஸ்டனில் நுரையீரல் உறைப் புற்றுநோய், காரணம் கப்பல் கட்டும் தளத்தின் ஆஸ்பெஸ்டாஸ். மற்ற விசாரணைகளில் பெரும்பாலானவற்றில் யாருக்கு எது எவ்வளவு பட்டது என்ற பதிவே கிடையாது. அப்படியிருக்கக் காரணம் எப்படிக் கிடைக்கும்? கிடைக்கவில்லை என்பதை நிறுவனங்கள் 'ஆபத்து இல்லை' என்று வாசித்துக் காட்டுகின்றன. அதை நான் ஏற்கவில்லை.

பதிவு இருந்தால் என்ன நடக்கும் என்பதற்குப் பார்க்கர்ஸ்பர்க் இருக்கிறது. மேற்கு வர்ஜீனியாவில் டூபாண்ட் ஆலை ஒட்டாத பூச்சுக்குப் பயன்படுத்திய பிஎஃப்ஓஏ என்ற ரசாயனம் குடிநீரில் கலந்தது. வழக்கின் சமரசத்தில் வந்த 7 கோடி டாலரை மக்கள் தனித்தனியாகப் பிரித்துக்கொள்ளாமல் பெரிய ரத்தப் பரிசோதனை ஒன்றுக்குப் போட்டார்கள். சுமார் 69,000 பேர் ரத்தம் கொடுத்தார்கள். இரு தரப்பும் ஒப்புக்கொண்ட மூன்று நோய்ப்பரவலியலாளர்கள் பல ஆண்டுகள் ஆராய்ந்து, 2012-ல் சிறுநீரகப் புற்றுநோய்க்கும் விதைப் புற்றுநோய்க்கும் தொடர்பு இருக்க வாய்ப்பு அதிகம் என்று அறிவித்தார்கள். 2023-ல் லியோன் முகமை அதை முதல் பிரிவில் சேர்த்தது. அந்த ஊர் மக்கள் கை நீட்டியதால் கிடைத்த அறிவு அது.

கரையோரம் கேட்ட முதல் கேள்விக்கும் வருகிறேன். காரணத்தை நிறுவுவது எப்படி என்பதற்கு எங்கள் துறையே பிரிட்டிஷ் புள்ளியியலாளர் பிராட்ஃபோர்ட் ஹில் 1965-ல் ஆற்றிய உரையைத்தான் பிடித்துக்கொள்கிறது. எல்லோரும் அவருடைய ஒன்பது அம்சங்களை மேற்கோள் காட்டுவார்கள். உரையின் கடைசிப் பகுதியை விட்டுவிடுவார்கள். அங்கே அவர், எவ்வளவு சான்று போதும் என்பது எதைத் தடுக்கப் போகிறோம் என்பதைப் பொறுத்தது என்கிறார். கர்ப்பகால மசக்கைக்கான மருந்தை நிறுத்தச் சிறு சான்று போதும், பணியிடத்தில் புற்றுநோய் தரக்கூடிய எண்ணெயை மாற்ற நியாயமான சான்று போதும், மக்களின் சொந்த வாழ்க்கையில் கை வைப்பதற்குத்தான் மிக வலுவான சான்று வேண்டும் என்பது அவர் வாதம். நடைமுறையில் பணியிடத்துக்குத்தான் மிகக் கடுமையான சான்று கேட்கிறோம்.


கரையோரம் எழுதியது:

இதைத்தான் தேடிக்கொண்டிருந்தேன். பன்னாட்டு மட்டத்திலும் பாருங்கள். அபாய ரசாயனங்களின் பன்னாட்டு வணிகத்துக்கான ராட்டர்டாம் உடன்படிக்கையின் அபாயப் பட்டியலில் கிரிசோடைலைச் சேர்க்க வேண்டும் என்று அதன் அறிவியல் குழு பரிந்துரைத்தும் 2006-லிருந்து சேர்க்க முடியவில்லை. ஒருமித்த முடிவு தேவை, ஒரு சில நாடுகள் கை தூக்கினால் போதும். பட்டியலில் வந்தால் தடைகூட இல்லை, ஏற்றுமதிக்கு முன் இறக்குமதி செய்யும் நாட்டுக்குத் தகவல் சொல்லி அதன் சம்மதம் பெற வேண்டும், அவ்வளவுதான். அந்தத் தகவலைக்கூடச் சொல்ல விடவில்லை. 2011-ல் அதைத் தடுத்து நின்ற கனடா 2018-ல் தன் நாட்டில் ஆஸ்பெஸ்டாஸைத் தடை செய்தது.


வார்டு ஏழு எழுதியது:

சாயக்கை, அடுத்த முறை மருத்துவரைப் பார்க்கப் போகும்போது ஒரு தாளில் இதையெல்லாம் எழுதிக்கொண்டு போங்கள். எந்த ஆண்டிலிருந்து எந்த ஆண்டு வரை, எந்தப் பிரிவு, கையில் தொட்ட பொருள்களின் பெயர். பெயர் நினைவில் இல்லை என்றால் மூட்டையில் என்ன அச்சடித்திருந்தது, என்ன நிறம், என்ன வாடை. முகமூடி, கையுறை கொடுத்தார்களா, எப்போதிலிருந்து. உடன் வேலை செய்தவர்களில் யாருக்கு என்ன நோய். கோப்பில் சேர்க்கச் சொல்லுங்கள், வாய்வார்த்தையாகச் சொல்லிவிட்டு வராதீர்கள். ஒரு நகலில் தேதி போட்டுக் கையெழுத்து வாங்கி வையுங்கள். இழப்பீடு கேட்க நேர்ந்தால் அதுதான் கைகொடுக்கும். பழைய சம்பளச் சீட்டு, அடையாள அட்டை எதையும் தூக்கிப் போட வேண்டாம்.

அந்த இரண்டு பேரின் வீட்டாரையும் இதே போல எழுதச் சொல்லுங்கள். இன்னும் வேலையில் இருப்பவர்களும் அந்தப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவர்களும் சிறுநீரில் ரத்தம் தெரிந்தால், வலி இல்லாவிட்டாலும், உடனே மருத்துவரிடம் போக வேண்டும். ஆரம்பத்தில் பிடித்தால் இந்த நோயைக் கட்டுப்படுத்தலாம்.


இரவுப்பணி எழுதியது:

அந்தத் தாளில் இன்னொரு வரியையும் சேர்த்துக்கொள்ளுங்கள். வேலை உடையை வீட்டில் யார் துவைத்தார்கள்? ஆஸ்பெஸ்டாஸ் ஆலைத் தொழிலாளர்களின் மனைவிமாருக்கு மீசோதீலியோமா வந்தது அந்தத் துணியை உதறித் துவைத்ததால். சாயத்தூளும் துணியோடு வீட்டுக்கு வந்திருக்கும். உங்கள் அம்மாவுக்கும் ஒரு சிறுநீர்ப் பரிசோதனை செய்துவிடுங்கள்.


சாயக்கை எழுதியது:

அம்மாதான் துவைப்பார், சில சமயம் நானும். இருவருக்குமே எடுக்கிறோம். பட்டியலை இன்று இரவே அப்பாவோடு உட்கார்ந்து எழுதத் தொடங்குகிறேன்.